சடை கிடைத்தது, ஆளைக் காணோம்

"ஐயோ...!"

திருத்தணி மலைமேல், மொட்டை போடும் மண்டபத்தில் கிளம்பிய அலறலில் நான்கு சவரக்கத்திகள் ஒரே நேரத்தில் நின்றன.

அலறியவன் பரணிதரன். அந்த நிமிடம்தான் மொட்டையானவன். தரையைக் காட்டினான்.

சடை. முழங்கால் நீளம். நுனியில் பச்சைக் கிளிப்.

உடல் இல்லை!

சந்தனம்கூடப் பூசாமல் போலீஸ் பூத்துக்கு ஓடினான். வாசல் பெஞ்சில் விசும்பிக்கொண்டிருந்த மொட்டைப் பெண்ணின் காலை மிதித்துவிட்டு உள்ளே பாய்ந்தான்.

"சார்... கோமளவல்லிய கொன்னுட்டாங்க..."

ஏட்டு தஸ்தகீர் டீயை உறிஞ்சினார். "யாருப்பா அது?"

"ரெண்டு வருஷமா மெசேஜ்ல பழக்கம் சார். அவங்க மணவூரு, நான் அரக்கோணம்."

"இருபது நிமிஷ ரயிலு. பார்த்ததே இல்லியா?"

"எதிர்ல ஆளு இருந்தா எனக்கு வாயே வராது சார். ரூம்ல தனியா கெடக்கறேன். சாப்டீங்களான்னு கேக்கறது உலகத்துல அவங்க ஒருத்தங்கதான். போட்டோல அவங்க சடை மட்டும், என் சுருட்ட முடி மட்டும். இன்னிக்குதான் மொத தடவ பாக்கறதா இருந்தோம். அந்தக் கிளிப்பு நான் கொரியர்ல அனுப்பனது..."

"மொட்ட போட்டிருப்பாங்க."

"முடிதான் உசுருன்னு எழுதியிருக்காங்க சார்."

"நீ ஏன் போட்ட?"

"அவங்க வர சம்மதிச்சா போடறேன்னு வேண்டிகினேன். சொல்லல... சர்ப்ரைஸ்."

தஸ்தகீர் டீயைக் கீழே வைத்தார். "போன் போடு."

"பேசனதே இல்ல சார்..."

"போடுய்யா."

போன் திறக்கவில்லை. மொட்டை முகத்தை அதற்கு அடையாளம் தெரியவில்லை. ரகசிய நம்பர் தட்டித் திறந்து, அழைத்தான்.

மணி அடித்தது... வாசல் பெஞ்சில்!

"எங்க கீறீங்க?" என்றது அழுத குரல். "சுருட்ட முடிய தேடிகினு மலையெல்லாம் சுத்திட்டேன். ஏமாத்திட்டீங்கன்னு போலீசுக்கே வந்துட்டேன்."

பரணிதரன் வெளியே வந்தான். மொட்டையும் மொட்டையும் பார்த்துக்கொண்டன.

அவளுக்கும் அதே வேண்டுதல்.

வாயைத் திறந்தான். காற்றுதான் வந்தது. பெஞ்சின் மறுகோடியில் உட்கார்ந்து மெசேஜ் தட்டினான். அவளும் குனிந்து பதில் தட்ட ஆரம்பித்தாள்.

தஸ்தகீர் இரண்டு போன்களையும் பிடுங்கினார்.

"வாயால பேசு. அப்பதான் தருவேன்."

பரணிதரனுக்கு வியர்த்துக் கொட்டியது.

"சா... சாப்டீங்களா?"

"இன்னும் இல்லீங்க," என்றாள் கோமளவல்லி. பிறகு சிரித்தாள்.

இருவரும் புளியோதரை வாங்கப் போனார்கள். இருட்டும்வரை திரும்பவே இல்லை.

தஸ்தகீர் நோட்டில் எழுதினார்.

'காணாமல் போனது: முடி. கண்டெடுத்தது: போன் இரண்டு. உரியவர்கள் தேடி வரவில்லை.'