லோரேன் ஹேலின் அளவு

உடை தோளில் கச்சிதமாக உட்கார்ந்தது. இடுப்பிலும் குறையில்லை. வயிற்றில் மட்டும் மூன்று விரல் உள்ளே போகிற அளவுக்குத் தொளதொளவென்று நின்றது.

"மெலிஞ்சிட்டியா கண்ணு?" என்று கேட்டாள் தையல்காரி அசுந்தா, பல்லில் கவ்வியிருந்த குண்டூசிகளை எடுக்காமலே. "காபியும் சிகரெட்டும் மட்டுமே உள்ள போனா இப்படித்தான்."

"நான் மெலியவே இல்ல. நீங்கதான் அளவைத் தப்பாத் தச்சுட்டீங்க," என்றாள் லோரேன்.

"நானா? இத்தாலியிலேர்ந்து கப்பல் ஏறி வந்த நாளிலேர்ந்து தைக்கிறேன். உன் பொம்மை மேல போட்டுப் பாத்துத்தான் தச்சேன். அதுல ஜம்முன்னு நிக்குது. வேணும்னா மேல வந்து பாரு."

அந்த ஸ்டூடியோவில் ஒப்பந்தத்தில் இருந்த ஒவ்வொரு நடிகைக்கும் உடுப்புப் பிரிவின் மாடியில் ஒரு பொம்மை இருந்தது. தலையும் கையும் இல்லாத, கித்தான் சுற்றிய உடம்பு. மார்பில் மையால் எழுதிய பெயர். நடிகை பெருத்தால் அதற்குப் பஞ்சு வைத்துத் தைப்பார்கள், மெலிந்தால் பிரித்தெடுப்பார்கள். அவளை வீட்டுக்கு அனுப்பிவிட்டால் பெயர் மேல் வெள்ளை அடித்து, பஞ்சையெல்லாம் உரித்து, புதிதாக வருகிறவளுக்குக் கொடுத்துவிடுவார்கள். லோரேன் ஹேல் என்ற பெயரே ஸ்டூடியோ கொடுத்ததுதான். பென்சில்வேனியாவின் நிலக்கரிச் சுரங்க ஊரில் அவள் ஆக்னஸ் கோவாலிக். ஐந்து வருடமாக அந்தப் பெயர் சொல்லி அவளை யாரும் கூப்பிட்டதில்லை.

ஆறு மாதத்துக்கு ஒரு முறை ஒப்பந்தத்தை நீட்டுவதா, ஆளை அனுப்புவதா என்று மேலிடம் முடிவு செய்யும். அந்த 1938 கோடைக்குள் அவளுடைய இரண்டு படங்கள் வரிசையாகப் படுத்துவிட்டன. கையில் இருந்தது மூன்றாவது. அதனால் உடை பொருந்தவில்லை என்கிற சின்ன விஷயத்தைக்கூட அவளால் ஒதுக்க முடியவில்லை. அசுந்தாவின் பின்னாலேயே படியேறினாள்.

மாடியில் யாருமில்லை, எல்லோரும் மதியச் சாப்பாட்டுக்குப் போயிருந்தார்கள். உயரமான ஜன்னல்கள் வழியாக வெயில் தூசியோடு இறங்கி, வரிசையாக நின்ற தலையில்லாத உடம்புகளின் தோள்களில் விழுந்து, அவற்றின் நிழலைப் பலகைத் தரையில் குட்டையாக நிறுத்தியிருக்க, கஞ்சியும் இஸ்திரிச் சூடும் அந்துருண்டையும் கலந்த வாசனைக்கு அடியில் வேறொன்று மெல்ல வந்து மூக்கின் உள்பக்கத்தைக் குளிரவைத்தது. மயக்க மருந்தின் நெடி. அவளுக்கு அது தெரியும். ஒரே ஒரு தடவை முகர்ந்தது, ஆனாலும் தெரியும்.

அவளுடைய பொம்மைக்கு வயிறு இருந்தது. பெரிதாக இல்லை. நாலு மாதம் இருக்கும்.

"எந்தப் புத்திகெட்டவ செஞ்ச வேலை இது?" அசுந்தா கத்தரியால் தையலைப் பிரித்து ஒரு பிடி பஞ்சை உருவினாள். லோரேனுக்கு அடிவயிற்றில் சுருக்கென்று இழுத்தது. மேஜையைப் பிடித்துக்கொண்டாள்.

மறுநாள் வயிறு திரும்ப வந்திருந்தது, முந்தினதைவிடச் சற்றுப் பெரிதாக. அசுந்தா கண்ணாடியை மூக்கில் ஏற்றி நெடுநேரம் தையலைப் பார்த்தாள்.

"இது என் பொண்ணுங்க தையல் இல்ல," என்றாள். குரலில் கேலி இல்லை. "முடிச்சு வெளிய இல்ல பாரு. உள்ள இருக்கு. உள்ளேர்ந்து தச்ச மாதிரி."

லோரேனுக்கு யாரும் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை. ஐந்து வருடத்துக்கு முன், முதல் படம் தொடங்க மூன்று நாள் இருக்கும்போது, ஸ்டூடியோவின் கார் நாலு மாதக் கர்ப்பமாக இருந்த அவளை ஒரு சந்துக்குள்ளிருந்த வீட்டுக்குக் கூட்டிப்போனது. பத்திரிகைகளில் குடல்வால் அறுவைச் சிகிச்சை என்று வந்தது. வற்புறுத்தினார்கள்தான், ஆனால் தாளில் கையெழுத்துப் போட்டது அவள் கை. மயக்கம் தெளிந்ததும் முதலில் அவள் கேட்டது, திங்கட்கிழமை படப்பிடிப்பு உண்டா என்று. அதை நினைக்கும்போதெல்லாம் தன்னைத் தானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கும்.

முதலில் அந்த மாடிப் பக்கமே போகக் கூடாது என்றுதான் இருந்தாள். முடியவில்லை. சாப்பாட்டு நேரம் வந்தால் கால் தானாகப் படியேறியது. வாரத்துக்கு வாரம் கித்தான் விம்மிக்கொண்டு வந்தது. அசுந்தா அதன் மேல் ஒரு துணியைப் போர்த்திவைத்தாள், சிலுவை போட்டுக்கொண்டாள், யாரிடமும் சொல்லவில்லை. ஒரு நாள் லோரேன் துணியை விலக்கிக் கையை வைத்தாள். சூடாக இருந்தது. வெயில் படாத பக்கம் அது. கையை எடுக்கப் போனவளை உள்ளிருந்து ஏதோ உதைத்தது.

ஓடினாள். கழிப்பறையில் உட்கார்ந்து வாயில் கைக்குட்டையைத் திணித்துக்கொண்டு அழுதாள். மறுநாள் சாப்பாட்டு நேரத்துக்கு முன்பே போய் நின்றாள். அம்மா பாடிய தாலாட்டு அரைகுறையாகத்தான் ஞாபகம் வந்தது. அதைப் பாடினாள். பயம் போகவில்லை. பயத்தோடேயே பாடினாள்.

செப்டம்பரில் ஒரு வெள்ளிக்கிழமை, ஒப்பந்தங்களைப் பார்த்துக்கொள்ளும் விட்லாக் கூப்பிட்டனுப்பினார்.

"உட்காரு லோரேன். சுத்தி வளைக்காமச் சொல்றேன். உன் ஒப்பந்தத்தை நீட்டல."

அவளுக்கு ஆச்சரியம் இல்லை. வேறொன்றைத்தான் கேட்டாள். "என் பொம்மை?"

"என்னது?"

"மாடியில இருக்கே. அதை என்ன பண்ணுவீங்க?"

"டெக்சாஸ்லேர்ந்து ஒரு பொண்ணு வருது. காலையிலயே உரிக்கச் சொல்லியாச்சு." விட்லாக் சிரித்தார். "வேலை போச்சேன்னு அழுவேன்னு பாத்தா, பஞ்சு மூட்டைக்கு அழறியே!"

"உரிக்க வேணாம். நான் எதுல வேணும்னாலும் நடிக்கிறேன். கடைசிப் பேரா போடுங்க. பேரே போடாட்டியும் பரவாயில்ல."

அவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். "அம்மா வேஷம்தான் இருக்கு. பதினெட்டு வயசுப் பொண்ணுக்கு அம்மா. உனக்கு இருபத்தேழு. ஒரு தடவை நரைச்ச முடியோட திரையில வந்துட்டா அப்புறம் நாயகி வேஷம் கனவுலயும் கிடையாது. யோசிச்சுக்கோ."

"பேனாவைக் குடுங்க."

போட்டாள். முதல் கையெழுத்தில் எதைக் கொடுத்தாளோ, அதை இந்தக் கையெழுத்தில் மீட்டுவிட்டதாக நினைத்தாள். உரிப்பதை நிறுத்தச் சொல்ல விட்லாக் மாடிக்குத் தொலைபேசியில் அழைத்தார். மணி அடித்தது. யாரும் எடுக்கவில்லை.

வெயில் கொளுத்திய தெருவை ஓட்டமாகக் கடந்தாள். படியில் அசுந்தா உட்கார்ந்திருந்தாள். கத்தரி மடியில் கிடந்தது. முகத்தில் ரத்தமில்லை.

"நான் வெட்டல கண்ணு. மாதா மேல சத்தியம். கத்தரியைக் கிட்ட கொண்டுபோனேன்... அதுவாப் பிரிஞ்சுது. உள்ளேர்ந்து."

"குழந்தை?"

"போகாத. நீ பாக்காத."

போனாள்.

நெடி. மயக்க மருந்து. தரையெல்லாம் பஞ்சு, வெள்ளையும் சிவப்புமாக. மற்ற உடம்புகள் எல்லாம் வரிசையில் இருந்தன. அவளுடையது ஜன்னலோரம் நகர்ந்திருந்தது. வயிறு தட்டையாக இருந்தது.

அதற்குக் கை முளைத்திருந்தது.

இரண்டு கை. கித்தானைச் சுருட்டிப் பொடித் தையலில் தைத்த கைகள். முடிச்சு வெளியே இல்லை. தலையில்லாத கழுத்து குனிந்திருந்தது. கைகளுக்குள் ஒரு துணிச் சுருள். அசைந்தது.

மார்பில் லோரேன் ஹேல் என்ற பெயர் இல்லை. மை இன்னும் காயாமல், குழந்தைத்தனமான எழுத்தில், ஆக்னஸ் கோவாலிக் என்றிருந்தது.

சுருள் அழுதது. பசியில் அழுதது.

அவள் மார்பு கனத்தது. உடையின் முன்பக்கம் சூடாக நனைந்தது. பால்.

"குடு," என்றாள். "என்கிட்ட குடு. கையெழுத்துப் போட்டுட்டேன். எல்லாத்தையும் விட்டுட்டேன். குடு."

இரண்டு கைகளையும் நீட்டினாள்.

ஆக்னஸ் கோவாலிக் குழந்தையை இறுக்கிக்கொண்டாள். அடிக்கட்டை தரையில் தேய, மெதுவாக, லோரேனுக்கு முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டாள்.