எரியோடு லைனில் ஆறு நிமிடம்

கிர்ர்... கிர்ர்...

இரண்டு குட்டை மணி. அப்படி அடித்தால் ஆபீசுக்கு அழைப்பு.

சூப்பர்வைசர் பொன்னுத்துரை உடனே எடுக்கவில்லை. இந்த மணிக்காகத்தான் ஒரு மணி நேரமாக அறைக்குள் குறுக்கும் நெடுக்குமாக நடந்துகொண்டிருந்தார்.

"ஹலோ... யாரு?"

"அய்யா, கண்ணுசாமி பேசுறேன். எரியோடு லைன்லேருந்து." லைன் இன்ஸ்பெக்டரின் குரல் உடைந்திருந்தது. "மொக்கைச்சாமி போயிட்டான்யா. கம்பத்து மேல நிக்கும்போதே கரண்டு வந்துருச்சு..."

"என்னய்யா சொல்ற? கரண்டை நிறுத்தச் சொல்லி லைன் கிளியர் வாங்கலயா நீ?"

"ஒம்பதே காலுக்கே வாங்கிட்டேன்யா. பதினேழாம் நம்பர். ஒரு மணி வரைக்கும் கரண்டு வராதுன்னு சப்-ஸ்டேஷன் பாஸ்கல் சொன்னான். நான் இன்னும் திருப்பிக் குடுக்கவே இல்ல. அவன் எப்படிய்யா சுவிட்சைப் போட்டான்?"

"நீ அங்கேயே இரு. நான் பாத்துக்கிறேன்."

போனை வைத்தார். நெற்றி வியர்வையைத் துடைத்தார்.

முடிந்தது!

இனி சாயங்காலம் மதுரையிலிருந்து பெரிய இன்ஜினியர் வந்தால் வரட்டும். அவரிடம் வாயைத் திறக்க மொக்கைச்சாமி இல்லை. கீரனூர் லைனுக்கு வந்த செம்புக் கம்பியில் பத்துச் சுருள் பொன்னுத்துரையின் மச்சான் பட்டறையில் கிடப்பதைக் கண்ணால் பார்த்தவன் அந்த ஒரே லைன்மேன்தான். "திங்கக்கெழம பெரிய அய்யாகிட்ட சொல்லத்தான் போறேன்" என்று சனிக்கிழமை முகத்துக்கு நேராகவே சொன்னான் பாவி. சொல்லியிருந்தால் வேலை போயிருக்கும். விலங்கு வந்திருக்கும்.

அதனால்தான் அந்த ஏற்பாடு...

மின்சார இலாகாவின் சொந்தக் கம்பியில் மொத்தமே மூன்று போன். சப்-ஸ்டேஷனில் ஒன்று, சூப்பர்வைசர் அறையில் ஒன்று, கண்ணுசாமி கையோடு தூக்கிக்கொண்டு போகும் பெட்டி ஒன்று. பேச வேண்டும் என்றால் கண்ணுசாமி அதைக் கம்பத்தடியில் கம்பியில் மாட்டுவார். பேசி முடித்ததும் கழற்றிவிடுவார். ஒருவர் பேசினால் மற்றவர் ஒட்டுக் கேட்கலாம். யார் எங்கிருந்து பேசுகிறார் என்று கண்டுபிடிக்க வழியில்லை.

காலையில் ஒட்டுக் கேட்டு லைன் கிளியர் நம்பரைத் தெரிந்துகொண்டார். கம்பத்தில் ஏறுகிறவனைக் காப்பாற்றும் எர்த் சங்கிலியை ரிப்பேர் என்று சொல்லி சனிக்கிழமையே ஸ்டோரில் பூட்டிவிட்டார். பிறகு பதினோரு மணிக்கு மேல் வாயில் கைக்குட்டையைப் பொத்திக்கொண்டு, கண்ணுசாமியின் கரகரத்த குரலில் சப்-ஸ்டேஷனைக் கூப்பிட்டார்.

"எரியோடு லைன், பதினேழாம் நம்பர். லைன் கிளியரைத் திருப்பிக் குடுக்கிறேன் அப்பு. ஆளு, சாமான் எல்லாம் எறங்கியாச்சு. கரண்டைப் போடு."

"சரிண்ணே. உங்க மணி என்னண்ணே?"

"பதினொண்ணு நாலு."

கொஞ்ச நேரம் மறுமுனையில் சத்தமே இல்லை.

"சரிண்ணே. போடுறேன்."

அவ்வளவுதான். ஒரு வாக்கியத்தில் ஒரு உயிர்!

பாஸ்கலை நினைத்தால் மட்டும் மனசு கொஞ்சம் உறுத்தியது. ஆபரேட்டர் வேலைக்கு வந்து மூன்று வருடம்தான். அடுத்த மாதம் அவனுக்கும் சகாயசெல்விக்கும் கோவிலில் கல்யாணம். பூசையில் கல்யாண அறிவிப்பு, மூன்றாம் ஓலையும் வாசித்தாகிவிட்டது. ஆனால் யாராவது ஒருவன் மாட்ட வேண்டுமே. தான் மாட்டுவதைவிட அவன் மாட்டுவது மேல் என்று பொன்னுத்துரை மனசின் வாயை அடைத்தார்.

சட்டையைச் சரிசெய்துகொண்டு வெளியே வந்தார். சித்திரை வெயில் மலைக்கோட்டைப் பாறையில் பட்டுக் கண்ணைக் கூசவைத்தது. ஐம்பது அடி நடந்தால் சப்-ஸ்டேஷன்.

வாசலில் போலீஸ்காரர் ஒருவர் நின்றார்.

அதற்குள்ளாகவா?

உள்ளே இன்ஸ்பெக்டர் அப்துல் வாஹித் நாற்காலியில் உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தார். எதிரே பாஸ்கல் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். முகம் வெளிறியிருந்தது.

"வாங்க சார்," என்றார் இன்ஸ்பெக்டர். "நீங்களே வந்துட்டீங்க. இந்தத் தம்பி ஊர் போன்ல கூப்பிட்டுச்சு. ஏதோ தப்பு நடந்துருச்சுன்னு."

"தப்பா? ஒரு குடும்பமே நடுத்தெருவுக்கு வந்துருச்சு இன்ஸ்பெக்டர்." பொன்னுத்துரை பாஸ்கலைப் பார்த்துப் பல்லைக் கடித்தார். "ஏன்டா பாஸ்கல், கண்ணுசாமி திருப்பிக் குடுக்காம எப்படிறா சுவிட்சைத் தொட்ட?"

"போன் வந்துச்சுங்கய்யா. கண்ணுசாமி அண்ணன் குரல்தான். நம்பரும் சரியாச் சொன்னாரு."

"பொய். நான் பத்து மணியிலேருந்து என் ரூமை விட்டு அசையல. இந்தக் கம்பியில மணி அடிச்சா எனக்கும் கேக்கும். பதினோரு மணிக்கு மேல கண்ணுசாமி எனக்கு சாவைச் சொன்ன மணியைத் தவிர வேற மணியே அடிக்கல. தூங்கி வழிஞ்சு சுவிட்சைப் போட்டுட்டு இப்ப கதை கட்டுறான்."

"நிச்சயமாத் தெரியுமா சார்?" இன்ஸ்பெக்டர் வெற்றிலையை வாயில் போட்டார். "ரூம்ல வேற யாராச்சும் இருந்தாங்களா?"

"ஈ, காக்கா கிடையாது. நான் மட்டும்தான்."

"எழுதிக்கிறேன்."

எழுதினார். அந்தப் பேனாவின் கீறல் சத்தம் பொன்னுத்துரைக்குப் பிடிக்கவில்லை. நிலைகொள்ளாமல் ஜன்னல் பக்கம் போனார், திரும்பி வந்தார். மேஜை, மணிக்கூண்டு மாதிரி நிற்கும் ஊசல் கடிகாரம், சுவரில் அவரே கையெழுத்துப் போட்டு ஒட்டிய விதிப் பலகை என்று எல்லாவற்றையும் பார்த்தார். எரியோடு லைன் சுவிட்ச் இருக்கும் மூலைப் பக்கம் மட்டும் அவர் கண் போகவில்லை. அதைப் பார்க்கத் தெம்பில்லை.

"தம்பி, அந்த நோட்டைக் காட்டு," என்றார் இன்ஸ்பெக்டர்.

பாஸ்கல் லாக் புத்தகத்தை விரித்தான்.

"இதுல ரெண்டு மணி போட்டிருக்கே? பதினொண்ணு நாலு, பதினொண்ணு பத்து. எது சரி?"

"ரெண்டும் சரிதான் சார். லைன் கிளியரைத் திருப்பிக் குடுக்கிறவர்கிட்ட அவரு மணியைக் கேட்டு எழுதணும், பக்கத்துலயே நம்ம மணியையும் எழுதணும். அந்தா, அய்யா ஒட்டுன விதி. ஏழாவது."

பொன்னுத்துரை குறுக்கிட்டார். "கண்ணுசாமி வாட்ச் ஓடாம நின்னிருக்கும்."

"காலையில ஒம்பதே காலுக்கு அவரு மணியும் நம்ம மணியும் ஒண்ணா இருந்துச்சுங்கய்யா. ரெண்டு மணி நேரத்துல ஆறு நிமிசம் எப்படிக் கொறையும்?"

"இவன் போன்னே வரலைங்கிறதுக்கு இதுதான் சாட்சி இன்ஸ்பெக்டர். கற்பனை பண்ணி எழுதினவனுக்கு மணி கூட ஒழுங்கா எழுதத் தெரியல."

"எனக்கும் அப்படித்தான் தோணுது," என்று தலையாட்டினார் இன்ஸ்பெக்டர். "ஏன் தம்பி, ஆறு நிமிசத்தை எங்க தொலைச்ச?"

பாஸ்கல் சுவரில் இருந்த ஒரு மீட்டரைக் காட்டினான். அதில் சின்னச் சின்னத் தகட்டு நாக்குகள் வரிசையாக இருந்தன. ஒன்று மட்டும் விடாமல் துடித்துக்கொண்டிருந்தது.

"இதுல இருக்கு சார்."

"புரியலயேப்பா."

"கரண்டு ஒரு நொடிக்கு அம்பது தடவை துடிக்கணும் சார். இப்ப டேம்ல தண்ணி இல்ல, வயல்ல மோட்டாரு எல்லாம் ஓடுது. லோடு தாங்காம கரண்டு நொண்டுது. இன்னிக்கு விடியக்காலையிலேருந்து நாப்பத்தொம்பதுதான். மணிக்கு ஒருக்கா எழுதி வச்சிருக்கேன், பாருங்க."

"சரி. அதுக்கும் கடியாரத்துக்கும்?"

"சாவி குடுக்குற கடியாரம்னா ஒண்ணும் ஆகாது. சில கடியாரம் இருக்கு சார், பிளக்குல மாட்டி கரண்டுலயே ஓடுறது. கரண்டு நொண்டுனா அதுவும் சேந்து நொண்டும். அம்பதுக்கு ஒண்ணு கொறஞ்சா மணிக்கு ஒரு நிமிசத்துக்கு மேல பின்தங்கும். காலையில ஆறு மணிக்குச் சரி பண்ணி வச்ச கடியாரம் பதினொண்ணு பத்துக்கு என்ன காட்டும்?"

இன்ஸ்பெக்டர் விரலை மடக்கி எண்ணினார்.

"பதினொண்ணு நாலு!"

பொன்னுத்துரை ஒரு அடி பின்னால் நகர்ந்தார்.

ஆறு மணி... தினமும் காலை ஆறு மணிக்கு, ஷிப்ட் ஆட்கள் பார்க்கப் பெருமையாகத் தன் அறைக் கடிகாரத்தைச் சரிசெய்வது அவருடைய வழக்கம். மெட்ராஸிலிருந்து அவர் வாங்கி வந்த மின்சாரக் கடிகாரம்!

"எரியோடு லைன்ல அப்ப கரண்டே இல்ல சார்," என்று தொடர்ந்தான் பாஸ்கல். "அங்க இருந்து பேசுனவரு கரண்டுல ஓடுற கடியாரத்தைப் பாத்து மணி சொல்ல முடியாது. இந்தக் கம்பியில இருக்கிறது மூணே போன். அதுல ஒண்ணுக்கு எதுக்கத்தான் அந்த மாதிரிக் கடியாரம் தொங்குது."

"எந்த போனுக்கு?"

பாஸ்கல் பொன்னுத்துரையைப் பார்த்தான்.

"செத்த நேரம் நடந்துட்டு வருவோமா சார்?" என்று எழுந்தார் இன்ஸ்பெக்டர்.

ஐம்பது அடி. அந்த ஐம்பது அடியை நடப்பதற்குள் பொன்னுத்துரை பத்துப் பொய் யோசித்தார். ஒன்றும் தேறவில்லை. அறையில் தன்னைத் தவிர ஈ, காக்கா கிடையாது என்று எழுதிக் கொடுக்காத குறையாகச் சொன்னது அவரேதான்.

இன்ஸ்பெக்டர் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பன்னிரண்டு நாற்பது. சுவரைப் பார்த்தார். பன்னிரண்டு முப்பத்திரண்டு.

"எட்டு நிமிசம். இப்பவும் நொண்டிக்கிட்டுத்தான் இருக்கு."

"இதெல்லாம் ஒரு சாட்சியா?" பொன்னுத்துரை கத்திவிட்டார். "கடியாரத்தை வச்சு என்னைக் கொலைகாரன்னு சொல்லப் போறீங்களா?"

"கொலையா? நான் அப்படிச் சொல்லவே இல்லையே சார்."

"மொக்கைச்சாமி செத்துக் கிடக்கான்..."

"யார் சொன்னா?"

"கண்ணுசாமி! போன்ல..."

"நான்தான் சொல்லச் சொன்னேன்."

வெளியே ஜீப் ஒன்று புழுதியைக் கிளப்பிக்கொண்டு வந்து நின்றது. முன்னால் கண்ணுசாமி இறங்கினார். பின்னால் இன்னொருவர், காக்கி நிஜாரும் கையில் இடுக்கியுமாக...

மொக்கைச்சாமி!

பொன்னுத்துரை சுவரைப் பிடித்துக்கொண்டார்.

"நான் சுவிட்சைத் தொடவே இல்லைங்கய்யா," என்றான் பாஸ்கல். "நீங்க பதினொண்ணு நாலுன்னு சொன்னதும் எனக்கு வெலவெலத்துப் போச்சு. போடுறேன்னு வாயில சொல்லிட்டு ஊர் போனை எடுத்தேன். சார்தான் எரியோட்டுக்கு ஆள் அனுப்பி மொக்கைச்சாமி அண்ணனைக் கம்பத்துலேருந்து எறக்குனாரு. சுவிட்சு மேல 'போடாதே'ங்கிற செகப்பு அட்டை இன்னமும் தொங்குது. லைன்ல ஓடுற கரண்டைக் காட்டுற அம்பியர் மீட்டர் முள்ளு சைபர்ல நிக்குது. உள்ள வந்ததுலேருந்து நீங்க அந்தப் பக்கம் ஒரு தரம் பாத்திருந்தாப் போதும்."

ஒரு தரம்!

"அந்தச் செம்புக் கம்பி விஷயமும் இவரு சொல்லிட்டாரு," என்று மொக்கைச்சாமியைக் காட்டினார் இன்ஸ்பெக்டர். "உங்க மச்சான் பட்டறைக்கு ஆள் போயிருக்கு. சாயங்காலம் பெரிய இன்ஜினியர் வந்தா ஸ்டேஷன்ல வந்து உங்களைப் பாக்கட்டும்."

விலங்கு மாட்டப்பட்டது. பாஸ்கல் திரும்பிக்கொண்டு கண்ணைத் துடைத்தான். ஆறு நிமிடத்தைக் கவனிக்காமல் விட்டிருந்தால் தன் கையால் ஒரு மனிதனைக் கொன்றிருப்போம் என்ற பயம் அவனுக்கு இப்போதுதான் வந்தது. மொக்கைச்சாமி அவன் தோளைத் தட்டினார்.

"கல்யாணத்துக்கு எனக்கு இலை போட்டு வையப்பு. உசுரோட வாரேன்."

ஜீப்பில் ஏறும்போது பொன்னுத்துரை தன்னையறியாமல் அறைச் சுவரைத் திரும்பிப் பார்த்தார். கடிகாரம் இன்னும் அவசரமே இல்லாமல் ஓடிக்கொண்டிருந்தது.

மொக்கைச்சாமி ஜீப்பின் கதவைச் சாத்தினார்.

"வெசனப்படாதீங்கய்யா. செயில்ல சாவி குடுக்குற கடியாரம்தான். ஒரு நிமிசம் கூடக் கொறைக்காது."