வட்டக் கண்ணாடியும் ஒரு வரிசைச் சோடியும்

மழை யாரையும் கேட்காமல் வந்தது.

கடைக்கு ஓடிக்கொண்டிருந்தவள் படக்கென்று குடையை விரித்தாள். எதிரே வந்தவனின் மூக்குக் கண்ணாடி எகிறி விழுந்தது. பதறிப் பின்வாங்கியவளின் செருப்புக்கடியில்... நறுக்!

"மேடம், காலை எடுங்க. அது என் கண்ணு."

"பார்த்து வரக்கூடாதா?"

"பார்க்கிறதுக்குத்தான் அதைப் போட்டிருந்தேன்!"

சிரிப்பை உதட்டுக்குள் மடித்துக்கொண்டு நிமிர்ந்தாள். நனைந்த இமைகள்... கண்ணாடி இல்லாமல், வழி தவறிய கன்றுக்குட்டி போல் விழித்த கண்கள்...

"வாங்க சார். எதிர்ல எங்க கண்ணாடிக் கடைதான். உடைச்சவளே செஞ்சு தர்றேன்."

அந்தக் கடைக்கு எதிர்மாடியில்தான் அவன் கணக்கு டியூஷன் எடுத்தான். எதைப் பேசினாலும் கணக்கில் 'செட்' எனப்படும் கணத்தில் கொண்டுவந்து நிறுத்துவதால் பிள்ளைகள் வைத்த பெயர், 'கணம் சார்'.

ஆறு ஃபிரேம், மூன்று விதமான லென்ஸ் என்று மேசையில் பரப்பினாள். தடவித் தடவிப் பார்த்தவன் குதூகலமாகிவிட்டான்.

"ஒவ்வொரு ஃபிரேமோடயும் ஒவ்வொரு லென்ஸும் ஜோடி சேரலாம். மொத்தம் பதினெட்டு ஜோடி! இதுக்குப் பேரு கார்ட்டீசியன் பெருக்கல்."

"எங்க கடையில இதுக்குப் பேரு, 'சீக்கிரம் ஒண்ணை எடுங்க சார்'."

கல்லாவிலிருந்து அப்பா குரல் கொடுத்தார். "பேசிட்டே பொருத்தாதம்மா. இந்த மாசம் நீ செஞ்சதுல ஒண்ணு திரும்பி வந்தாலும், லென்ஸ் பொருத்துற மேசைப் பொறுப்பு உன் சித்தப்பா பையனுக்குத்தான்."

அவள் முகம் சுருங்கியது. பாவாடை கட்டிய வயதிலிருந்து அவள் ஆசைப்பட்ட மேசை அது. அவன் காதிலும் அது விழுந்தது.

வட்ட ஃபிரேம் ஒன்றை எடுத்துக்கொண்டான். அளவெடுக்க, "என் கண்ணையே பாருங்க" என்றாள். பார்த்தான். பார்த்துக்கொண்டே இருந்தான். எடுத்த அளவு மறந்துபோய், அவள் மறுபடி முதலிலிருந்து அளந்தாள்.

கண்ணாடியை வாங்கிப் போனவன் மறுநாளே வந்து நின்றான். "தரை சாயுதுங்க. தலை சுத்துது."

"தரை நேராத்தான் இருக்கு. உங்க தலைதான் கோணல்."

"லென்ஸை ஒரு தடவை பார்த்துடுங்களேன்..."

"நான் பொருத்தினா தப்பு வராது!"

சத்தம் கேட்டு உள்ளேயிருந்து அப்பா வந்தார். "என்ன தம்பி, கண்ணாடி சரியில்லையா?"

அவன் அவளைப் பார்த்தான். அவள் முகம் வெளுத்திருந்தது.

"நல்லா இருக்கு சார். துடைக்கத் துணி கேட்டேன்."

துணியை வாங்கிக்கொண்டு, இல்லாத படிக்கு ஒரு கால் தூக்கி வைத்து, தடுமாறி நடந்தான். தோற்று ஓடுகிறான் என்று நினைத்தாள். ஆனால் ஜெயித்த சந்தோஷம் ஏன் வரவில்லை?

அதன் பிறகு அவன் கடைப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. தூறல் விழுந்த ஒரு மாலை, அவன் மறந்துவிட்டுப் போன கண்ணாடிக் கூட்டைச் சாக்காக வைத்து மாடியேறினாள். வாசலிலேயே நின்றுவிட்டாள். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு, கரும்பலகையில் மூக்கு உரச எழுதிக்கொண்டிருந்தான்.

"வரிசைச் சோடியில இடம் மாறக்கூடாது. வலது, இடதுன்னு எழுதினா ஒண்ணு. இடது, வலதுன்னு எழுதினா அது வேற."

முன்வரிசை வாலு எழுந்தாள். "எதிர்ல இருந்து பார்த்தா உங்க வலது எங்களுக்கு இடது பக்கம் சார். அப்ப மாறிடாதா?"

வகுப்பு சிரித்தது. வாசலில் நின்றவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஃபிரேமை அவன் முகமாகவே நினைத்து, தன்னைப் பார்க்கத் திருப்பி வைத்துத்தானே லென்ஸை மாட்டினாள்? தன் வலப்பக்கமே அவன் வலது என்று எண்ணி, வலது லென்ஸை இடதுக்கும், இடது லென்ஸை வலதுக்கும்! வட்டமாக இருந்ததால் இரண்டும் சொகுசாகப் பொருந்திக்கொண்டன.

வகுப்பு முடிந்ததும் நேரே போய், அவன் நெற்றியிலிருந்த கண்ணாடியைக் கழற்றினாள். "வாங்க என் கூட."

கடையில் அப்பா முன் அதை வைத்தாள். "நான் செஞ்சது ஒண்ணு திரும்பி வந்திருக்குப்பா. லென்ஸ் மாறிப்போச்சு."

"யாரு கொண்டுவந்தது?"

"நானே போய் எடுத்துட்டு வந்தேன்."

அப்பா மகளைப் பார்த்தார். அவள் பின்னால் சுவரை உரசி நின்றவனைப் பார்த்தார். "தப்பைத் தேடிப் போய்த் தூக்கிட்டு வர்றவகிட்ட மேசையைத் தராம யாருகிட்ட தர்றது? போ, உக்காரு" என்றவர், டீ குடிக்கப் போவதாக நனைந்துகொண்டே கிளம்பிவிட்டார்.

மாற்றிப் பொருத்தி அவளே மாட்டிவிட்டாள். தரை நேரானது. அவள் முகம் பளிச்சென்று தெரிந்தது... கீழிமையில் ததும்பி நின்ற ஒரு துளி உட்பட.

"தெரிஞ்சும் ஏன் அப்பாகிட்ட சொல்லல?"

"சொன்னா மேசை போயிடுமே."

"அதுக்காகத் தலை சுத்திட்டே திரிஞ்சீங்களா? லூசு சார்..."

வெளியே மழை வலுத்தது. இருவரும் ஒரே நேரத்தில் வாயைத் திறந்து, ஒரே நேரத்தில் மூடிக்கொண்டார்கள்.

"நீங்க முதல்ல சொல்லுங்க."

"நீங்கதான் சொல்லணும்."

அவன் சிரித்தான். "சோடியிலதான் வரிசை. ரெண்டு கணத்தை ஒண்ணாச் சேர்த்தா அதுல யாரு முன்னாடி, யாரு பின்னாடின்னு கிடையாது. ரெண்டு பக்கமும் பொதுவா இருக்கிறதை ஒரு தடவை எழுதினாப் போதும்."

"ஒரே தடவைதானா?"

"ஒரே தடவை."

இருவரும் வாசலுக்கு வர, அவள் குடையை எடுத்து விரித்தாள்... இந்த முறை மெதுவாக, அவன் தலைக்கும் சேர்த்து.

"அப்ப நம்ம ரெண்டு பேருக்கும் சேர்த்து நானே சொல்லிடறேன். திருப்பிச் சொல்ல மாட்டேன், நல்லாக் கேட்டுக்கங்க..." கண்ணாடிக்குள் மின்னிய அந்தக் கண்களை நேராகப் பார்த்தாள்.

"பிடிச்சிருக்கு."