பெரட்டுப் பாதைக் கல்

"வெள்ளக் கார்தான்! இதுக்கு மேல பேச்சே இல்ல மாமி!"

சுதர்ஷினி கோப்பையை வைத்த வேகத்தில் பிளேன்டீ பாதி மேசையில் சிந்தியது. லயத்து வரிசை வீட்டின் அடுப்படியில் ரொட்டி தட்டிக்கொண்டிருந்த பூரணி திரும்பிப் பார்த்தாள். மருமகளின் கோப்பையை நகர்த்தி வைத்தாள். துணியை எடுத்து வந்து மேசையைத் துடைத்தாள். நடுவில் கிடந்த தாள் நனையாமல் தூக்கி, ஊதி, மறுபடி வைத்தாள்.

அந்தத் தாளில் இரண்டு கார்களின் விபரம் இருந்தது. சுதர்ஷினியின் அண்ணன் பிரதாப் ஹட்டனிலிருந்து அச்சடித்துக் கொண்டுவந்திருந்தான். அவனுக்கு அங்கே போன் கடையில் வேலை. பூரணியின் ஒரே மகன் கிஷாந்த் கட்டாருக்குப் போய் நான்கு வருஷம். "சின்னதா ஒரு கார் பாருங்க" என்று அவன் சொன்ன நாளிலிருந்து, பிரதாப் கொட்டகலைத் தோட்டத்துக்கு வராத ஞாயிற்றுக்கிழமை இல்லை.

"நீங்களே கேளுங்க மாமி" என்றான் பிரதாப், தாளில் விரல் வைத்து. "வெள்ளக் கார் அறுநூத்தி அறுபது சீசீ. ஹைபிரிட். லீட்டருக்கு இருபத்தஞ்சு ஓடும். பின்னால கெமரா, நாலு பக்கமும் பவர் ஷட்டர், முன்னுக்கு ரெண்டு எயார் பேக். நீலம் ஆயிரம் சீசீ. லீட்டருக்கு பதினெட்டு தாண்டாது. பின் சீட்டு கண்ணாடிய கையால சுத்தணும்! இந்தக் காலத்துல யாரு மாமி கையால சுத்துறா?"

"தரையிலருந்து எவ்வளவு ஒசரம் தம்பி?"

"எது?"

"வயிறு. காரோட வயிறு."

பிரதாப் விழுந்து விழுந்து சிரித்தான். "ஓ, கிரவுண்ட் கிளியரன்ஸா! வெள்ளக் கார் நூத்தி அம்பது மில்லிமீட்டர், நீலம் நூத்தி எண்பது. ரெண்டு வெரல் வித்தியாசம். அதுக்காக யாராவது கார் மாத்துவாங்களா?"

பூரணி கதவுக்குப் பின்னாலிருந்து தன் மட்டக்கம்பை எடுத்து வந்தாள். தேயிலைக் கொழுந்தெடுக்கும்போது செடிமேல் படுக்கவைத்து மட்டம் பார்க்கும் மெல்லிய கம்பு. அதன் அடியில் புதிதாக ஒரு வெட்டு இருந்தது.

"பெரட்டுக்களத்துலருந்து நம்ம லயத்துக்கு ஏறுற பாதையில, வளைவுல, நடுவுல ஒரு கல்லு நிக்குதுல்ல... நேத்து வேல முடிஞ்சு வரையில அளந்தேன். நீதானே புள்ள அடிமட்டம் வச்சுப் பாத்த? எவ்வளவுன்ன?"

"நூத்தி நாப்பத்தஞ்சு" என்றாள் சுதர்ஷினி வேண்டாவெறுப்பாக.

"பாத்தீங்களா! வெள்ளக் காருக்கு அஞ்சு மில்லிமீட்டர் மிச்சம்!"

"அது வெறுங் காருக்குத் தம்பி. நாலு ஆளு ஏறினா எறங்காதா?"

"கார் என்ன கொழுந்துச் சாக்கா மாமி, எறங்குறதுக்கு?"

"சாக்கு நெறஞ்சா கயிறு நெத்தியில எறங்குதே தம்பி. காருக்கு மட்டும் எறங்காதா?"

பிரதாப் தாளில் மறுபடி கண்ணை ஓட்டினான். சுதர்ஷினிக்குத்தான் முகம் சிவந்தது.

"எப்ப பாரு அந்தக் கல்லு! நான் கொட்டகலை டவுனுல வாடகைக்கு வீடு பாத்துட்டிருக்கேன் மாமி. எத்தன காலம் இந்த லயத்துலயே கெடக்குறது? கார் டவுனுல ஓட்டத்தான், கல்லுமேல ஏத்த இல்ல!"

"அப்ப... மாமாவ?"

மூவரும் ஜன்னல் பக்கம் திரும்பினார்கள். அங்கே கட்டிலில் பூரணியின் புருஷன் மாயாண்டி கிடந்தார். பாரிசவாதம் வந்து இரண்டு வருஷம். வலப்பக்கம் விழுந்துவிட்டது, பேச்சும் குழறியது. மாதம் ஒருமுறை டிக்கோயா ஆஸ்பத்திரி கிளினிக். அன்று நாலு பேர் அவரை நாற்காலியில் வைத்துப் பெரட்டுக்களம் வரை தூக்குவார்கள். காலையில் வேலைக்குப் பேர் பதியும் பெரட்டு நடக்கும் அந்தக் களத்தோடு ஓட்டோ நின்றுவிடும். அதன் முன்சில்லு அந்தக் கல்லில் ஏறாது. மலையோடு ஒட்டிய கல், உடைக்கவும் முடியாது. ஒரு பக்கம் தண்ணீர் ஓடும் கான், மறு பக்கம் தேயிலை. விலகிப் போகவும் வழியில்லை.

இதெல்லாம் கிஷாந்துக்குத் தெரியாது. "அப்பா தடிய ஊண்டி நடக்குறாருப்பா. நீ வராத, இங்க எல்லாம் நல்லாருக்கு..." கூப்பிடும்போதெல்லாம் பூரணி அதைத்தான் சொல்வாள். தெரிந்தால் எல்லாவற்றையும் போட்டுவிட்டு ஓடிவந்துவிடுவான். ஒப்பந்தம் முடிய இன்னும் எட்டு மாதம் அவன் அங்கே தாக்குப்பிடிக்க வேண்டும். மருமகளிடமும் விளக்குமேல் சத்தியம் வாங்கியிருந்தாள்.

"சரி, அவருகிட்டயே கேப்போம்!" என்று சுதர்ஷினி போனை எடுத்தாள். இரண்டு கார் படத்தையும் அனுப்பினாள். மாமி கல்லை அளந்த கதையையும் சொல்லி அனுப்பினாள்.

பதில் வர அரைமணி ஆனது. கிஷாந்த் வேலைத்தலத்தில் கையுறையைக் கழற்ற மாட்டான். வாயால் சொல்வான், போன் எழுதிக்கொள்ளும். பிரதாப் சத்தமாக வாசித்தான்:

"'ரோட்டப் பத்தி காண்டாக்ட் ஐயாகிட்டயும் ஒரு வார்த்த கேளு...' யாரு இந்தக் காண்டாக்ட் ஐயா?"

"கண்டாக்கு ஐயாண்ணே!" சுதர்ஷினி சிரித்தாள். "தோட்டத்துல வேலைய மேற்பார்வ பாக்குற கண்டாக்கு ஐயாவ இந்தப் போன் காண்டாக்ட் ஆக்கிருச்சு!"

பூரணிக்கும் சிரிப்பு வந்தது. பிரதாப் கண்ணைத் துடைத்துக்கொண்டு அடுத்த வரிக்குப் போனான். அவன் குரல் இறங்கியது.

"'அம்மா சொன்னது புரட்டு பாத்து முடிவு எடு.'"

பூரணி மேசைக்குக் கிட்ட வந்தாள்.

"திரும்ப வாசி தம்பி" என்றாள் பூரணி.

"'அம்மா சொன்னது புரட்டு. பாத்து முடிவு எடு'ன்னு போட்டிருக்கு மாமி."

"கேட்டீங்களா!" சுதர்ஷினி எழுந்து நின்றாள். "நான் சொல்லல! நீங்க பெத்த மகன் சொல்றாரு! கல்ல காட்டி என்னைய இந்த லயத்துலயே கட்டிப்போடப் பாத்தீங்க... அவருக்குத் தெரியாதா ஒங்கள?"

பூரணி மேசையைப் பிடித்துக்கொண்டாள். புரட்டு! கல்லைப் பற்றி அவள் பொய் சொல்லவில்லை. ஆனால் இரண்டு வருஷமாகச் சொன்ன பொய் ஒன்று இருந்ததே... அப்பா நடக்கிறார் என்ற பொய். யாரோ சொல்லிவிட்டார்கள். மகன் கண்டுபிடித்துவிட்டான். அதைத்தான் சொல்கிறான். இனி எந்த முகத்தோடு, "நான் பொய் சொல்லலப்பா" என்று அவனிடம் சொல்வது?

அடுப்பில் ரொட்டி கருகியது. அவள் மட்டக்கம்பைக் கதவுக்குப் பின்னால் வைத்தாள்.

"வெள்ளக் காரே வாங்குங்க."

"பொறகு நான் அப்பவே சொன்னேன்னு வரக்கூடாது மாமி!"

"வர மாட்டேன் புள்ள."

வரவும் இல்லை. அன்றிலிருந்து கிஷாந்த் கூப்பிட்டால், "நல்லா இருக்கோம்" என்ற இரண்டு சொல்லோடு பூரணி போனை மருமகளிடம் கொடுத்துவிடுவாள். "அம்மாவுக்கு என்மேல என்ன கோவம்?" என்று அவன் கேட்டதற்குச் சுதர்ஷினி, "வீம்பு, வேறென்ன?" என்றாள். "அம்மா வெள்ளக் காருக்கா சரின்னாங்க?" என்று கேட்டதற்கும், "அவுங்க வாயாலதான் சொன்னாங்க" என்றாள். அது உண்மைதான். அவனும் அதோடு விட்டுவிட்டான்.

கார் வந்தது. சில்லுகளுக்கு அடியில் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கினார்கள். நாலு லயத்துச் சனமும் பார்த்தது. பூரணி தூர நின்று கும்பிட்டாள். காரின் வயிற்றைக் குனிந்து பார்க்கவில்லை.

கிளினிக் நாள் காலையில் மழை விட்டிருந்தது. பிரதாப் வெறுங்காரை மெல்ல மெல்ல ஏற்றி, கல்லைக் கடந்து, லயத்து வாசலிலேயே கொண்டுவந்து நிறுத்திவிட்டான்!

"என்னா மாமி, கல்லு சும்மா இருந்துச்சே!"

"சந்தோசம் தம்பி."

மாயாண்டியைத் தூக்கிப் பின்சீட்டில் உட்காரவைத்தார்கள். சுதர்ஷினி முன்னால் ஏறினாள். பூரணி வெளியே நின்றாள்.

"நான் நடந்து வாறேன். பெரட்டுக்களத்துல ஏறிக்கிறேன்."

"நாலு லயமும் பாக்குது! மருமக காருல போறா, மாமியார நடக்க விட்டான்னு பேசணுமா? அந்த வீம்புதானே? ஏறுங்க!"

பூரணி ஏறினாள். புருஷனின் விழுந்த கையைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். வளைவு வந்தது. அவள் கண்ணை மூடினாள்.

'டமார்' என்று ஒரு சத்தம்! கார் முன்னும் போகவில்லை, பின்னும் வரவில்லை. மாயாண்டி ஒருபக்கமாகச் சாய்ந்து அலறினார். கீழே, சிவப்பு மண்ணில், கறுப்பாக எண்ணெய் ஓடியது.

பிரதாப் இறங்கிக் குனிந்து பார்த்தான். "ஒயில் சம்ப் ஒடஞ்சிருச்சு" என்றான். அவன் குரல் எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து வந்தது.

சுதர்ஷினி தலையில் அடித்துக்கொண்டாள். அழுதுகொண்டே கிஷாந்துக்கு வீடியோ கோல் எடுத்தாள்.

"பாருங்க! ஒங்க அம்மா செஞ்ச வேலைய பாருங்க! நாலு ஆளு ஏறினா காரு எறங்கும்னு தெரிஞ்சுகிட்டே வாய மூடி உக்காந்திருந்தாங்க! வேணும்னே! வயித்தெரிச்சல்!"

"நில்லு, நில்லு..." வேலைக்குப் போகும் பஸ்ஸில் இருந்தான் கிஷாந்த். "அம்மாதான் மொதல்லயே சொன்னாங்களே! நானும்தானே அனுப்புனேன்?"

"என்னா அனுப்புனீங்க? அம்மா சொன்னது புரட்டுன்னு அனுப்புனீங்க!"

"புரட்டா? யாரு சொன்னா புரட்டுன்னு? 'அம்மா சொன்னது பெரட்டுப் பாத, முடிவு எடு'ன்னு சொன்னேன்! பெரட்டு! பெரட்டுப் பாத! அம்மா அந்தப் பாதைக்குத்தான் அளந்திருக்காங்க, அத வச்சு எடுன்னு... ஐயோ! வாயால சொல்லி அனுப்பிட்டு நான் திரும்ப வாசிக்கவே இல்ல..."

அன்று தன் போனுக்கும் அனுப்பிவைத்திருந்த அந்த வரியைத் தேடப் பிரதாப் போனை எடுத்தான். தேடாமலே பையில் போட்டுக்கொண்டான்.

"அம்மா... நீங்க ஏம்மா என்னைய கேக்கல? ஒங்கள நான் அப்புடிச் சொல்லுவேனா?"

பூரணி முன்சீட்டில் இருந்த மருமகளைப் பார்த்தாள்.

"போனுக்குப் பெரட்டு தெரியாது புள்ள. அது தோட்டத்த பாத்ததில்ல. ஒனக்குத் தெரியும்ல? கண்டாக்கு ஐயாவ தப்பா எழுதுனப்ப ரெண்டு பேரும் சிரிச்சீங்க. போன் தப்புன்னீங்க. அடுத்த வரியில என்னைய எழுதுனப்ப மட்டும் போன் சரியாயிருச்சா?"

"மாமி..."

"நாலு வருசம் ஒரே சட்டியில சாப்புட்டோம். நான் எப்பவாவது ஒனக்குப் பொய் சொல்லியிருக்கேனா? நீ அவனுக்கிட்ட ஒரு தடவ... ஒரே ஒரு தடவ கேட்டிருக்கலாம்."

சுதர்ஷினி இறங்கிப் பின்கதவுக்கு ஓடிவந்தாள். பூரணியின் காலைக் கட்டிக்கொண்டு அழுதாள். "மன்னிச்சிருங்க மாமி... எனக்கு அந்த வெள்ளக் கார் வேணும்னு இருந்துச்சு... அது புரட்டாவே இருக்கட்டும்னு இருந்துச்சு மாமி..."

பூரணி அவளைத் தள்ளவுமில்லை. அணைக்கவுமில்லை.

"சரிம்மா, கார் போனா போகுது" என்றான் கிஷாந்த், மூக்கை உறிஞ்சியபடி. "மொதல்ல அப்பாவ எறக்குங்க. தடிய குடுத்து ஓரமா நிக்கச் சொல்லுங்க. கார் சரிஞ்சிறப் போகுது."

சுதர்ஷினி நிமிர்ந்து மாமியைப் பார்த்தாள். அவள் கண்ணில் சத்தியம் பயமாக நின்றது.

"குடு" என்று பூரணி போனை வாங்கினாள்.

"கிஷாந்து. அப்பாவால நிக்க முடியாது."

"என்னம்மா?"

"ரெண்டு வருசமா நிக்க முடியாது. நடக்குறாருன்னு நான் சொன்னது பொய். நீ அதக் கண்டுபிடிச்சுத்தான் புரட்டுன்னு எழுதுனன்னு நெனச்சேன். அதான் கேக்கல. எந்த வாயால கேக்குறது? ஒன் பொஞ்சாதி மேல குத்தம் இல்ல, நான்தான் சத்தியம் வாங்குனேன்."

அவள் போனைத் திருப்பினாள். கோணிய வாய், ஒட்டிய கன்னம், இடக்கையால் சீட்டைப் பிடித்துச் சரியாமல் இருக்கப் போராடும் உடம்பு... எதையும் மறைக்காமல் நிதானமாகக் காட்டினாள். மாயாண்டி மகனைக் கண்டுகொண்டார். ஏதோ சொல்லப் பார்த்தார். எச்சில்தான் வந்தது.

அந்தப் பக்கம் கிஷாந்த் வாயைப் பொத்திக்கொண்டான். பக்கத்து ஆள் யாரோ அவன் தோளைத் தொட்டு என்னவென்று கேட்டது தெரிந்தது.

"அம்மா... நான் வாறேம்மா..."

பெரட்டு முடிந்து மலைக்கு ஏறிய பெண்கள் ஒவ்வொருவராகக் கீழே ஓடிவந்துகொண்டிருந்தார்கள். யாரோ நாற்காலிக்கு ஆள் விட்டார்கள். பூரணி முந்தானையால் புருஷனின் வாயைத் துடைத்தாள். பிறகு போனைத் தன் முகத்துக்கு நேராகத் திருப்பினாள். 'வராத' என்று சொல்லிச் சொல்லிப் பழகிய வாய் ஒரு கணம் தடுமாறியது.

"வா" என்றாள்.