உம்மா ஏன் சிரிப்பதில்லை

றிபா வாயைத் திறந்தால் அந்த ஒழுங்கையின் வீடுகள் எல்லாம் சிரிக்கும். அவளுடைய உம்மா மட்டும் சிரிக்க மாட்டார்.

சாய்ந்தமருதில் கடற்கரைக்குப் போகும் வழியில் அவர்களுடைய வீடு இருந்தது. தரம் ஆறில் படிக்கும் றிபாவுக்கு, யாரை ஒரு தடவை பார்த்தாலும் அவர்களைப் போலவே நடக்கவும் கதைக்கவும் வரும். மீன் விற்க வருபவர் சைக்கிளைச் சுவரில் சாய்ப்பதும், அது சரிவதும், அவர் அதை ஒரு மனிதனைத் திட்டுவதுபோலத் திட்டுவதும் அப்படியே வரும். பக்கத்து வீட்டு றுஸ்னா மாமி போனில் "சரி, வைக்கிறன்" என்று சொல்லிவிட்டு அதற்குப் பிறகு அரை மணி நேரம் கதைப்பதும் வரும். மாமி அதைப் பார்த்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார். சிரித்து முடித்த பிறகுதான் அவருக்குக் கோபம் வரும்.

உம்மாவோ நிலத்தைப் பார்ப்பார். உதட்டை இறுக்கிக்கொள்வார். பிறகு சுவரைப் பிடித்தபடி மெதுவாக உள்ளே போய்விடுவார்.

"உங்கட உம்மா சிரிச்சா முத்து உதிர்ந்திருமோ?" என்று மாமி கேட்பார்.

உம்மாவின் பெயர் சுல்பிகா. சொந்தக்காரர்கள் அவருக்கு வைத்த பெயர் நித்திரைக்காரி. அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருக்கும்போதே அவருடைய கண் மூடிவிடும். கதைத்துக்கொண்டிருக்கும்போது பாதிச் சொல்லில் தலை சாய்ந்துவிடும். அதனால் வீட்டில் வேறு ஆள் இல்லாவிட்டால் அவர் அடுப்பைப் பற்றவைக்க மாட்டார். தனியே குளிக்கப் போக மாட்டார். கடைக்குப் போவதென்றாலும் றிபா கூட வரவேண்டும். பெரிய வீதியைக் கடக்கும்போது மற்ற உம்மாமார் பிள்ளைகளின் கையைப் பிடிப்பார்கள். இங்கே பிள்ளைதான் உம்மாவின் கையைப் பிடிப்பாள்.

பள்ளிவாசல் லெப்பை ஒருவர் ஓதி ஊதிய தண்ணீர் கொடுத்தார். கிளினிக்கில் இரத்தம் குறைவு என்று சொல்லிக் குளிசை கொடுத்தார்கள். உம்மா இரண்டையும் ஒழுங்காகக் குடித்தார். நித்திரை மட்டும் அவரை விட்டுப் போகவில்லை.

இதெல்லாம் றிபாவுக்குப் பழகிவிட்டது. அந்தச் சிரிக்காத முகம்தான் பழகவில்லை. தன்னை உம்மாவுக்குப் பிடிக்கவில்லை என்றே அவள் நினைத்தாள். அந்த நினைப்பை யாரிடமும் சொல்லாமல் மனதுக்குள்ளேயே வைத்திருந்தாள்.

அந்த வருடம் தமிழ்த்தினப் போட்டியில், தனிநடிப்புக்கு அவளுடைய பள்ளிக்கூடத்தில் இருந்து றிபாவைத் தெரிவு செய்தார்கள். ஓடுகிற பஸ்ஸையும், கொண்டக்டரையும், பயணிகளையும் அவள் ஒருத்தியே நடித்துக் காட்டவேண்டும்.

"உம்மா, சனிக்கிழமை போட்டி. நீங்களும் வரணும்."

"நான் வரல்ல மகள். வாப்பா வருவார்."

"எல்லாப் புள்ளைகள்ட உம்மாவும் வாறாங்க."

"எனக்கு ஏலாம்மா."

"கதிரையில இரிக்கிறதுக்குமா ஏலா?"

உம்மா நிலத்தைப் பார்த்தார்.

"என்ட நடிப்பு உங்களுக்குப் புடிக்கிறல்ல. அதைச் சொல்லுங்களன்" என்று சொல்லிவிட்டுப் பின்வளவுக்கு ஓடினாள்.

அங்கே கோழிகள் மேய்ந்துகொண்டிருந்தன. அழுதால் கொண்டக்டரின் குரல் வராது என்பதால் றிபா மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒத்திகையைத் தொடங்கினாள். முருங்கை மரத்தில் ஒரு கையால் தொங்கியபடி கொண்டக்டரானாள்.

"பின்னுக்குப் போங்க, பின்னுக்குப் போங்க. பின்னுக்கு எவ்வளவு இடமிரிக்கு. பலாப்பழத்தோட நிக்கிற ஐயா, உங்களைத்தான். இன்னும் பின்னுக்குப் போங்க."

உடனே கையைக் கீழே விட்டு, வயிற்றுக்கு முன்னால் ஒரு பெரிய பலாப்பழத்தைப் பிடித்தபடி ஐயாவானாள்.

"தம்பி, நான் கல்முனையில ஏறி அக்கரைப்பற்றுக்குப் போற ஆள். இன்னும் பின்னுக்குப் போனா திரும்பக் கல்முனையிலதான் நிப்பன்."

அவளுக்குப் பின்னால் "க்ளுக்" என்று ஒரு சத்தம் கேட்டது. திரும்பிப் பார்த்தாள். உடுப்புக் கொடியருகில் உம்மா நின்றார். காய்ந்த உடுப்புகள் அவருடைய கையில் இருந்தன. அவருடைய வாய் சிரித்துக்கொண்டிருந்தது. அடுத்த கணம் தலை முன்னுக்குத் தொங்கியது, முழங்கால் மடிந்தது, உடுப்புகளோடு உம்மா மண்ணில் முகங்குப்புற விழுந்தார்.

"உம்மா, உம்மா."

றிபாவின் குரல் கேட்டு றுஸ்னா மாமி ஓடிவந்தார். இரண்டு பேருமாக உம்மாவைப் புரட்டினார்கள். உதடு வெடித்து இரத்தம் வந்தது. மாமி தண்ணீர் தெளித்து, குர்ஆனின் ஆயத்துல் குர்ஸி ஓதி ஊதினார். சற்று நேரத்தில் உம்மாவின் விரல்கள் அசைந்தன. பிறகு அவர் தானாகவே எழுந்து உட்கார்ந்தார்.

"வெறும் வயித்தோட வெயிலுக்குள்ள நிண்டா மயக்கம் வராம என்ன செய்யும்?" என்று மாமி ஏசினார்.

கண்ணை மூடி ஓதிக்கொண்டிருந்த மாமி பார்க்காத ஒன்றை றிபா பார்த்திருந்தாள். புரட்டியதிலிருந்து எழுந்து உட்காரும் வரை உம்மாவின் கண்கள் திறந்திருந்தன. அவை அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தன.

மாமி போனதும் றிபா உம்மாவின் உதட்டைப் பஞ்சால் துடைத்தாள்.

"உம்மா, நீங்க மயங்கல்ல. சிரிச்சீங்க. சிரிச்சித்தான் விழுந்தீங்க."

உம்மா முதலில் வேறு பக்கம் பார்த்தார். பிறகு மகளின் முகத்தைப் பார்த்தார்.

"ஓம்" என்றார்.

"எப்பவும் அப்பிடியா?"

"சின்ன வயசில இருந்தே அப்பிடித்தான். நல்லாச் சிரிப்பு வந்தா உடம்பில உள்ள சத்தெல்லாம் போயிரும். கழுத்தும் நிக்கிறல்ல, காலும் நிக்கிறல்ல. ஆனா எல்லாம் கேக்கும், எல்லாம் தெரியும். எழும்பத்தான் ஏலா."

உம்மா றிபாவின் நெற்றியைத் தடவினார். அங்கே புருவத்துக்கு மேலே ஒரு பழைய தழும்பு இருந்தது.

"இது என்னால வந்தது. கைப்புள்ளையா இரிக்கக்குள்ள ஒரு நாள் நீ என்னைப் பார்த்து முதன்முதலாச் சிரிச்சாய். எனக்குச் சந்தோசம் தாங்க ஏலாமப் போயிட்டு. நானும் சிரிச்சன். கை விட்டுட்டு. நீ கீழ விழுந்து அழுறாய், எனக்குக் கேக்குது. உன்னைத் தூக்கக் கை எழும்பல்ல மகள்."

உம்மா அழவில்லை. அழுது முடித்த ஒரு விசயத்தைச் சொல்வதுபோலவே சொன்னார்.

"புள்ளைய வெச்சிக்கிட்டுத் தூங்கிட்டாள் எண்டு ஊரெல்லாம் கதைச்சாங்க. நானும் ஓம் எண்டு சொல்லிட்டன். சிரிச்சி விழுந்தன் எண்டா ஆர் நம்புவாங்க? அண்டைக்கிருந்து சிரிக்கப்படாது எண்டு இரிக்கன்."

"அப்ப என்ட கதைக்கு உங்களுக்குச் சிரிப்பு வாறதா?"

"வராம? ஒவ்வொரு நாளும் வருது. நாக்கைக் கடிச்சிக்கிட்டு உள்ளுக்கு ஓடிருவன்."

றிபா உம்மாவின் மடியில் முகத்தைப் புதைத்தாள். இத்தனை நாளும் உம்மாவுக்குத் தன்னைப் பிடிக்கவில்லை என்று நினைத்ததற்காக அழுதாள். தான் சிரிக்க வைக்க முயன்றபோதெல்லாம் உம்மா எவ்வளவு பயந்திருப்பார் என்று நினைத்தும் அழுதாள்.

உம்மாவுக்கு இருந்தது ஒரு நோய். நித்திரையும் அதிலே சேர்ந்ததுதான். அதற்கு ஒரு பெயரும் இருக்கிறது. ஆனால் அந்த வீட்டில் அது யாருக்கும் தெரியாது.

உம்மா விழுந்ததைக் கேள்விப்பட்டு, வியாழக்கிழமை வாப்பா அவர்களை ஓட்டோவில் ஏற்றிக்கொண்டு ஒரு டொக்டரிடம் போனார். வாப்பாவின் பெயர் ஜவாத். ஓட்டோ ஓட்டுவதுதான் அவருடைய தொழில். ஓட்டோவைத் தெருவில் விட்டுவிட்டு வரமுடியாததால் அவர் வெளியிலேயே நின்றார்.

"என்ன வருத்தம்?" என்று டொக்டர் எழுதியபடியே கேட்டார்.

"மயக்கம்" என்றார் உம்மா.

றிபாவால் பேசாமல் இருக்க முடியவில்லை. "மயக்கம் இல்ல டொக்டர். உம்மாக்கு அந்த நேரம் எல்லாம் கேக்கும். சிரிச்சாத்தான் விழுவாங்க."

டொக்டர் நிமிர்ந்து பார்த்தார். பிறகு சிரித்தார். அவர் கெட்டவர் இல்லை. காலையிலிருந்து நோயாளர்களைப் பார்த்துக் களைத்திருந்தார். வெளியே இன்னும் நிறையப் பேர் காத்திருந்தார்கள்.

"அப்ப உம்மாவைச் சிரிக்க வேணாம் எண்டு சொல்லுங்க மகள்" என்றார். பக்கத்தில் நின்ற தாதியும் சிரித்தார்.

றிபா சொன்னதைக் கேட்டு மனிதர்கள் சிரிப்பது புதிதல்ல. ஆனால் இது அவள் சிரிக்க வைப்பதற்காகச் சொன்னதல்ல. உம்மா தலையைக் குனிந்தபடி விற்றமின் எழுதிய துண்டை வாங்கிக்கொண்டார்.

ஓட்டோவில் றிபா நடந்ததையெல்லாம் வாப்பாவிடம் சொன்னாள். உம்மா பின்னிருக்கையில் நித்திரையாகிவிட்டார்.

"நீங்களும் சிரிக்கப் போறீங்களா வாப்பா?"

"இல்ல" என்றார் வாப்பா. ஓட்டோவின் வேகத்தைக் குறைத்தார். "கலியாணம் முடிச்ச புதுசில நான் பகிடி சொன்னா உங்கட உம்மா எழும்பிப் போயிருவா. என்னைப் புடிக்கல்லயாக்கும் எண்டு நினைச்சி, பகிடி சொல்றதையே உட்டுட்டன்."

றிபா அவருடைய தோளைப் பிடித்துக்கொண்டாள். வாப்பா கண்ணாடியில் உம்மாவின் தூங்கும் முகத்தைப் பார்த்தார்.

"மட்டக்களப்பில நரம்பு டொக்டர் ஒருத்தர் இரிக்கார் எண்டு சொன்னாங்க. அவரிட்டக் காட்டுவம். இண்டைக்குச் சொன்னதை அங்கயும் அப்பிடியே சொல்லு."

"அவரும் சிரிச்சா?"

"சிரிச்சி முடியும் வரைக்கும் நிண்டு, திரும்பவும் சொல்லு. நானும் உன்னோட உள்ளுக்கு வாறன்."

சனிக்கிழமை போட்டிக்கு வாப்பாவும் றிபாவும் மட்டும் போனார்கள். உம்மாவுக்குத் துணையாக மாமி வீட்டில் இருந்தார். றிபா உம்மாவைத் திரும்பக் கூப்பிடவில்லை.

பலாப்பழ ஐயா வாயைத் திறந்ததும் மண்டபம் அதிர்ந்தது. ஆசிரியர்கள் சிரித்தார்கள். நடுவர்கள் சிரித்தார்கள். கதவருகே நின்றவர்கள் ஒருவர் தோளில் ஒருவர் தட்டிச் சிரித்தார்கள். மேடையில் நின்று றிபா எல்லாரையும் பார்த்தாள். இத்தனை பேர் சிரிக்கிறார்கள், ஒருவர்கூட விழவில்லை.

மேடைக்கு முன்னால் பாயில் சின்னப் பிள்ளைகள் இருந்தார்கள். அவர்களில் ஒரு பொடியன் சிரிப்புத் தாங்காமல் பாயிலேயே படுத்துவிட்டான். படுத்தபடியே கையையும் காலையும் விரித்துச் சிரித்தான். அவனுடைய உம்மா அவனைத் தூக்கவும் இல்லை, பயப்படவும் இல்லை. றிபா அடுத்த வசனத்தை ஒரு கணம் மறந்துபோனாள்.

அவளுக்கு இரண்டாமிடம் கிடைத்தது. சான்றிதழை வாப்பாவிடம் கொடுத்துவிட்டு, "கெதியா வீட்ட போவம் வாப்பா" என்றாள்.

வீட்டில் மாலை அஸர் தொழுகை முடிந்ததும் றிபா முன்கதவைச் சாத்தினாள். நடு அறையில் பெரிய பாயை விரித்து இரண்டு தலையணைகளைப் போட்டாள். பாயருகில் இருந்த ஸ்டூலைத் தூரத் தள்ளினாள்.

"உம்மா, படுங்க."

"எனக்கு இப்ப நித்திரை வரல்ல மகள்."

"நித்திரைக்கு இல்ல. நான் நடிக்கப் போறன். நீங்க படுத்திக்கிட்டுப் பாருங்க."

"வேணாம் றிபா. பயமா இரிக்கு."

"படுத்திருக்கிற ஆள் எங்க உம்மா விழுற?"

உம்மா பாயைப் பார்த்தார். பிறகு வாப்பாவைப் பார்த்தார். வாப்பா பாயின் ஓரத்தில் உட்கார்ந்து ஒரு தலையணையைச் சரிசெய்தார். உம்மா மெதுவாகப் படுத்தார். அவருடைய கைகள் இரண்டும் பாயின் விளிம்பை இறுக்கிப் பிடித்திருந்தன.

றிபா பஸ்ஸை ஓட்டினாள். கொண்டக்டரானாள். எல்லாரையும் பின்னுக்கு அனுப்பினாள். பலாப்பழ ஐயா அவருடைய பதிலைச் சொன்னார்.

உம்மா வழக்கம்போல உதட்டை இறுக்கினார். பிறகு, தான் படுத்திருப்பது ஞாபகம் வந்தது. உதட்டை விட்டார்.

அது ஒரு சின்னச் சிரிப்பு. கீச்சென்று தொடங்கி, நடுவில் விக்கல்போல வெட்டி, திரும்பவும் தொடங்கியது. உம்மாவின் சிரிப்பு இப்படித்தான் இருக்கும் என்று பதினொரு வயதில்தான் றிபாவுக்குத் தெரிந்தது. அது அவளுடைய சிரிப்பைப் போலவே இருந்தது.

உம்மாவின் கைகள் பாயின் விளிம்பை விட்டன. கழுத்து ஒரு பக்கம் சாய்ந்தது. வாய் பாதி திறந்தபடி நின்றது. கண்கள் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தன. கண்ணீர் காதுக்குள் வழிந்தது. அதைத் துடைக்க அவருக்குக் கை வரவில்லை.

றிபா நடிப்பை நிறுத்திவிட்டு ஓடிவந்து பாயில் உட்கார்ந்தாள். தலையில் போட்டிருந்த தாவணியின் நுனியால் உம்மாவின் கன்னத்தைத் துடைத்தாள். வாப்பா உம்மாவின் தளர்ந்த கையைத் தன் கைக்குள் எடுத்துக்கொண்டார். யாரும் தண்ணீர் தெளிக்கவில்லை. யாரும் பதறவில்லை. மூன்று பேரும் அப்படியே காத்திருந்தார்கள்.

கொஞ்ச நேரத்தில் உம்மாவின் விரல்கள் மடங்கின. கழுத்து நிமிர்ந்தது. அவர் ஒரு பெருமூச்சு விட்டார்.

"இன்னும் இரிக்கா மகள்?"

"இரிக்கு உம்மா. கோழியோட ஏறின ஒரு மாமி இரிக்கா. டிக்கட் கேட்டா கோழிதான் பதில் சொல்லும்."

உம்மா தலையணையை இழுத்துச் சரிசெய்து, உடம்பைத் தளர்த்திப் படுத்துக்கொண்டார்.

"அப்ப சொல்லு" என்றார்.