டச்பேடை உடைத்தது யார்?

"ஐயோ... நான் இல்லம்மா! என்னை விட்ருங்க!"

கான்ஸ்டபிளின் பிடியில் திமிறினான் வாட்ச்மேன் மூக்கையா. ஜீப் உறுமிக்கொண்டிருந்தது.

"கொஞ்சம் நிறுத்துங்க," என்றாள் எஸ்.ஐ. சுதாராணி.

விடிந்ததிலிருந்து நின்று நின்று அவளுக்குக் கால் கடுத்தது. ஹோம்ஸ்டே ஓனர் ராஜ்மோகன், பின்பக்கப் பள்ளத்தில் பிணமாக! முந்தின நாள் மூக்கையா அவரோடு சண்டை போட்டிருக்கிறான். மேஜைமேல் அவருடைய லேப்டாப்... டச்பேடில் குறுக்கே ஒரு விரிசல்! அடிதடிக்கு அது ஒன்றுதான் அடையாளம்.

அதைப் பார்த்துச் சொல்லத்தான் கொடைக்கானல் டவுனில் சர்வீஸ் கடை வைத்திருக்கும் கதிர்வேலை வரவழைத்திருந்தாள்.

"எப்படி உடைஞ்சுது?"

"அடிதாங்க மேடம். மேலேர்ந்து ஓங்கி ஒரு குத்து! மூக்கையா கை இரும்புல்ல?"

"சரி பண்ணலாமா?"

"டச்பேடை மட்டும் மாத்தலாம். அதுவரைக்கும் மவுஸ் போட்டு ஓட்டலாம். எங்கிட்ட குடுங்க, வெரசா முடிச்சுத் தாரேன்."

கொட்டாவியை அடக்கியபடி லேப்டாப்பின் மூலையை ஒற்றை விரலால் அழுத்தினாள் சுதாராணி.

ஆடியது!

"குத்துனா உள்ள போகணும்... இது மேல புடைச்சுக்கிட்டுல்ல கெடக்கு! அடிவயிறும் வீங்கியிருக்கு."

கதிர்வேலின் முகம் வெளிறியது.

"இங்க காத்தடிச்சாலே கரண்ட் போயிரும்னு ராப்பகலா சார்ஜர்லயே போட்டு வைக்கிறாங்க. பேட்டரி உப்பி, அடியிலேர்ந்து முட்டி, டச்பேடு வெடிக்குது. மொதல்ல பேட்டரியை மாத்தணும், அப்புறந்தான் டச்பேடு. அப்படித்தானே?"

"எ... எனக்குத் தெரியாதுங்க மேடம்."

"தெரியாதா? தெரிஞ்சே மூக்கையாவைக் கோத்து விடுறீங்க!"

கதிர்வேல் வாசலுக்குப் பாய்ந்தான்!

வாசலில் கான்ஸ்டபிளோடு நின்ற மூக்கையா நிதானமாக ஒரு காலை நீட்டினான்.

தொப்!

கான்ஸ்டபிள் கதிர்வேலுக்கு விலங்கை மாட்டினார்.

"முன்னாடி இந்த லேப்டாப் ரிப்பேருக்கு வந்தப்ப ஓனரு வீட்டுப் போட்டோவெல்லாம் காப்பி எடுத்தேன்... கண்டுபிடிச்சுட்டாரு. ஸ்டேஷனுக்குப் போறேன்னாரு... தள்ளிவிட்டேன்..." கதிர்வேல் தரையில் கிடந்தபடியே விம்மினான். "ஆனா... பேட்டரி சமாச்சாரம் எனக்குத் தெரியும்னு நீங்க எப்படி...?"

சுதாராணி சோர்வோடு நாற்காலியில் சாய்ந்தாள்.

"போன வாரம் வில்பட்டி வாத்தியார் ஒருத்தர் இதே மாதிரி லேப்டாப்பைத் தூக்கிட்டு வந்தாருல்ல? ஒரு மணி நேரம் இதே பாடத்தை அவருக்கு நடத்துனியே..."

"ஆமா... அவரு?"

"எங்க வீட்டுக்காரர்! ஒரு வரி விடாம என்கிட்ட வந்து ஒப்பிச்சாரு. அவருக்கு நீ குடுத்தது ஆறு மாச வாரண்டி. உனக்கு நான் ஆயுசுக்கும் தாரேன்... ஜீப்ல ஏறு!"