ஆலைக் கதையில் அறுபட்ட தாள்

ஸ்ரீவில்லிபுத்தூர் மண்டபத்தின் மேடையில் புத்தகக் கட்டைப் பிரித்த வெங்கடேஸ்வரி, ஒரு பிரதியை எடுத்துப் புரட்டினார். கை பாதியில் நின்றது. இன்னொன்றை எடுத்தார். மற்றொன்றையும் எடுத்தார். பிறகு நாற்காலியைத் தேடி உட்கார்ந்துவிட்டார்.

நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்துக்கு அடுத்து நூற்றுப் பதினைந்து. இடையில் ஒரு தாள் இல்லை. வந்த ஐம்பது பிரதிகளிலும் இல்லை.

மாலையில் வெளியீட்டு விழா. ராஜபாளையத்தில் எப்போதோ மூடிப்போன பஞ்சாலை ஒன்றில் பெண்கள் நடத்திய வேலைநிறுத்தத்தின் வரலாறு அது. வெங்கடேஸ்வரி வருடக்கணக்கில் வீடு வீடாக ஏறி இறங்கி, பள்ளிப் படிப்போடு நின்றவர்களும் படிக்கிற தமிழில் எழுதியிருந்தார்.

மிரட்டல் வந்திருந்ததால் பந்தோபஸ்துக்கு அனுப்பப்பட்டிருந்த சப்-இன்ஸ்பெக்டர் ஹஃப்ஸா மேடையேறி வந்தாள்.

"யார் மேல சந்தேகம்?"

"முத்துப்பாண்டி," என்றார் வெங்கடேஸ்வரி உடனே. "அவர் தாத்தாதான் ஆலையில மேஸ்திரி. ஆள் வச்சுப் பொம்பளைகளை அடிச்சதை நூத்திப் பதிமூணுல எழுதியிருக்கேன். விஷயம் காதுல விழுந்து நேத்துக் காலையில கடையில வந்து கத்திட்டுப் போனார்."

புத்தகக் கடைக்காரரும் பதிப்பாளருமான பாரூக் தலையாட்டினார். "நேத்து மத்தியானம் சிவகாசியில இருந்து கட்டு வந்துச்சு மேடம். பின்னறையில வச்சுப் பூட்டிட்டு, சிறப்பு விருந்தினரைக் கூட்டியார மதுரைக்குப் போயிட்டேன்."

"பூட்டு உடைஞ்சிருக்கா?"

"இல்ல."

"சாவி?"

"என்கிட்ட ஒண்ணு, செல்வலட்சுமிகிட்ட ஒண்ணு. கடையே அவ பொறுப்புதான். புத்தகத்துல ஒரு மடிப்பு விழுந்தாலே அவ முகம் சுண்டிப்போகும். அவளைப் போய்ச் சந்தேகப்படாதீங்க."

ஹஃப்ஸா முத்துப்பாண்டிக்குப் போன் போட்டாள்.

"நானா?" என்று சீறினான் அவன். "மேடம், நான் வக்கீலைப் பாத்து நோட்டீசுக்கு ஏற்பாடு பண்ணிட்டேன். அந்தத் தாளு இல்லாம எதைக் காட்டிக் கேஸ் போடுவேன்? அது புத்தகத்துல இருந்தாத்தான எனக்கு நல்லது?"

கோபக்காரன்தான். ஆனால் சொன்னதில் நியாயம் இருந்தது.

ஹஃப்ஸா ஒரு பிரதியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். தாளை யாரும் கிழித்திருக்கவில்லை. அளவுகோல் வைத்துப் பிளேடால் அறுத்திருந்தார்கள். தையலை ஒட்டி அறுத்தால் அதோடு சேர்ந்த தாளும் கழன்றுவிடும் என்று தெரிந்து, ஓரத்தில் சுண்டுவிரல் அகலத்துக்கு விட்டிருந்தார்கள்.

"அம்மா போலீசு, செத்த நேரம் உக்காந்து பாரேன். நின்னுக்கிட்டே இருக்கியே!"

முன் வரிசையில் மம்சாபுரம் சண்முகத்தாய். செல்வலட்சுமியின் தாய். அன்று வேலைநிறுத்தத்தில் நின்றவர்களில் மேடையில் மரியாதை வாங்கப் போகிறவர். விடிந்ததும் முதல் பஸ்ஸில் வந்துவிட்டார். புதுச்சேலை மொடமொடத்தது. டீ டம்ளரை இடது கையில் நாலு விரலால் அணைத்துப் பிடித்திருந்தார்.

"கட்டைவிரலு எங்க, ஆச்சி?"

"மிஷினு தின்னுருச்சு தாயி. கைநாட்டு வைக்கத்தான அந்த வெரலு? போனாப் போவுதுன்னு விட்டுட்டேன்," என்று சிரித்தார்.

வெங்கடேஸ்வரியிடம் அச்சகம் முன்கூட்டித் தந்த ஒரு பிரதி முழுசாக இருந்தது. ஹஃப்ஸா அதை வாங்கிப் படித்தாள். நூற்றுப் பதிமூன்றில் மேஸ்திரி. நூற்றுப் பதினைந்திலும் மேஸ்திரி, பெயரோடு. நடுவிலிருந்த நூற்றுப் பதினான்கை இரண்டு தரம் படித்தாள்.

"இந்தப் பக்கம்?"

"பெயரை மாத்தித்தான் போட்டேன்," என்றார் வெங்கடேஸ்வரி. "புத்தகத்தோட உயிரே அதுதான். விருந்தினர் அதைத்தான் இன்னைக்கு மேடையில வாசிக்கப் போறார்."

ஹஃப்ஸா புத்தகத்தை மூடினாள். "செல்வலட்சுமியைச் சாப்பாட்டுக் கூடத்துக்கு வரச்சொல்லுங்க. நீங்களும் வாங்க. வேற யாரும் வேண்டாம்."

செல்வலட்சுமி வந்து நின்றாள். நாற்பதைத் தொடும் வயது.

"ஏன் அறுத்தீங்க?"

"நான் எதுக்கு மேடம்..."

"மேஸ்திரி பேரை மறைக்க நெனச்சவங்க அடுத்த தாளை விட்டிருக்க மாட்டாங்க. தாளுக்கு ரெண்டு பக்கம் உண்டு. எல்லாரும் முன்பக்கத்தையே பாத்தோம். பின்பக்கத்துல முத்தாத்தாள்னு ஒரு பொம்பளை. ஆலை வாசல்ல கிடந்த பச்சைப்பிள்ளையை எடுத்து, பெத்த பிள்ளைன்னு சொல்லி வளர்த்தவங்க. அந்த முத்தாத்தாளுக்கும் இடது கட்டைவிரல் இல்ல." ஹஃப்ஸாவின் குரல் தணிந்தது. "அறுத்தவங்க கையில சாவி இருந்துச்சு. புத்தகம் குலையக்கூடாதுங்கிற பதைப்பும் இருந்துச்சு."

செல்வலட்சுமி சுவரில் சாய்ந்தாள்.

"நேத்துத்தான் படிச்சேன். பேரை மாத்திட்டா ஆச்சா? மம்சாபுரத்துல அந்தக் கையைத் தெரியாதவுக யாரு?"

"இப்படித் தெரிஞ்சுக்கும்படி ஆயிருச்சே செல்வி," என்றார் வெங்கடேஸ்வரி.

"எனக்குப் பத்து வயசுலயே தெரியும்க்கா. தெருச்சண்டையில ஒருத்தி சொல்லிட்டா. நான் எங்கம்மாட்ட கேக்கவே இல்ல." அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "எனக்குத் தெரியும்ங்கிறது அம்மாவுக்குத் தெரியக்கூடாது. மேடையில வாசிச்சா, நூறு பேருக்கு முன்னால அது எம்மூஞ்சியத் திரும்பிப் பாக்குமே... அதை என்னால தாங்க முடியாது. மத்தபடி கேஸ் போடுறதுன்னா போடுங்க."

வெங்கடேஸ்வரி அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "யாரும் புகார் கொடுக்கல. நூத்திப் பதிமூணை மட்டும் திரும்ப அச்சடிச்சு ஒட்டுவோம். மேஸ்திரி கதை ஊருக்குச் சேரணும். பின்பக்கம் வெறுமையா இருக்கட்டும். விருந்தினரை வேற பக்கம் வாசிக்கச் சொல்றேன்."

கூட்டம் சேரத் தொடங்கிய நேரத்தில் சண்முகத்தாய் வெங்கடேஸ்வரியின் முந்தானையை இழுத்தார். ஹஃப்ஸா பக்கத்தில்தான் நின்றாள்.

"ஏம்மா, ஏதோ ஒரு நெனப்புல உங்கிட்ட ஒண்ணு சொன்னேனே, அந்த ஆலை வாசல் சங்கதி... அதைப் போட்டுட்டியா?"

"இல்லம்மா. புத்தகத்துல இல்ல."

சண்முகத்தாய் நெஞ்சில் கைவைத்து மூச்சை விட்டார். "நல்லாயிருப்ப. எம்மகளுக்கு மட்டும் அது தெரிஞ்சுது, தாங்கமாட்டா. பாவம், மனசுல ஒண்ணையும் வச்சுக்கத் தெரியாத பிள்ள."

ஹஃப்ஸா தொப்பியைச் சரிசெய்கிற சாக்கில் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

மேடையில் சண்முகத்தாயின் பெயரை அழைத்தார்கள். அவர் எழுந்தார், தனியாகப் போகக் கூச்சம். கூட்டத்தில் தேடிக் கண்டுபிடித்துக் குரல் கொடுத்தார்.

"ஏட்டி செல்வி! அங்க என்ன நிக்க? என்னைக் கைப்பிடிச்சுக் கூட்டிட்டுப் போ."